மோதிரத்துக்குள் இருந்த பெயர்

என் மனைவி லெயோனில்தேயின் மோதிரம் அவளோடு போய்விட்டது என்று ஊரில் எல்லோரிடமும் சொல்லியிருந்தேன். நானும் அப்படித்தான் நம்பினேன்.

நம்பியதற்குக் காரணம் இருந்தது. எங்கள் மலைப்பக்கத்தில் ஒருவர் இறந்தால் அவருடைய கல்யாண மோதிரத்தைக் கழற்றி, உயிரோடு இருக்கும் துணையிடம் கொடுப்பார்கள். அவர் அதைத் தன்னுடையதோடு சேர்த்து ஒரே விரலில் போட்டுக்கொள்வார். என் விரலில் ஒன்றுதான் இருந்தது. அப்படியென்றால் மற்றது சவப்பெட்டிக்குள் போயிருக்க வேண்டும். நானாகக் கணக்குப் போட்டு எடுத்த முடிவு அது. கண்ணால் பார்த்தது இல்லை. அந்த நாளில் நான் என்ன பார்த்தேன், என்ன பார்க்கவில்லை என்பது எனக்குத் தெரியாது. பிரசவத்தில் இறந்த குழந்தையையும் அவளையும் ஒரே பெட்டியில் வைத்தார்கள் என்பது மட்டும் தெரியும்.

அது 1934 அக்டோபரில் நடந்தது. அடுத்த ஆண்டு அக்டோபரில் எங்கள் நாடு அபிசீனியாவின்மேல் போர் தொடுத்தது. டிசம்பரில் நாட்டுக்காகக் கல்யாண மோதிரங்களைக் கேட்டார்கள். பதினெட்டாம் தேதி, புதன்கிழமை, எல்லா ஊர்களிலும் ஒரே நேரத்தில் கொடுக்க வேண்டும். தங்கம் கொடுத்தவருக்கு இரும்பு மோதிரம் கிடைக்கும்.

ஃபாசிஸ்டுக் கட்சியின் ஊர்ச் செயலாளர் உபால்தோ ஸ்தெர்ப்போனே மருந்துக்கடைக்காரர். நான் ஆரம்பப் பள்ளி ஆசிரியர். ஒரு வாரம் முன்பே அவர் வகுப்புக்கு வந்துவிட்டார். பிள்ளைகள் எழுந்து கட்சி வணக்கமாக வலது கையை நீட்டினார்கள்.

"வாத்தியாரே, உங்ககிட்டேருந்து ரெண்டு வரணும்."

"ஒண்ணுதான் இருக்கு."

"சம்சாரத்தோடது?"

"அவளோட போயிருச்சு."

அவர் தொப்பியை எடுத்துவிட்டு மறுபடி போட்டுக்கொண்டார். "மண்ணுக்குள்ள தங்கம் கிடந்து யாருக்கு என்ன லாபம்? சரி விடுங்க. உங்க பேருக்கு நேரா ஒண்ணுன்னு எழுதிக்கிறேன். பொய் சொல்ற ஆளு இல்ல நீங்க. பெரிய படிப்பு படிச்சவரு."

பிறகு விஷயத்துக்கு வந்தார். கடற்கரைப் பக்கத்திலிருந்து ஒரு வியாபாரி கழுதையில் வந்து, மெல்லிசான மட்டமான மோதிரங்களை வீடு வீடாக விற்றுக்கொண்டிருந்தான். ஊரே வாங்கியது. அதைக் கொடுத்துவிட்டு உண்மையானதை ஒளித்துவைப்பது திட்டம். எல்லோருக்கும் தெரிந்த ரகசியம்.

"இதுக்கு ஒரு வழி வச்சிருக்கேன். நிஜ மோதிரத்துக்குள்ள பேரு வெட்டியிருக்கும். கழுதைக்காரன் மோதிரத்துல ஒண்ணும் இருக்காது. மேஜையில நீங்க உக்காருங்க. உள்ள இருக்கிறதைச் சத்தமாப் படிங்க. பேரு இல்லன்னா இல்லன்னு சொல்லுங்க. மிச்சத்தை நான் பாத்துக்கிறேன்."

ஏன் நான் என்று கேட்கவில்லை. கட்சியின் கறுப்புச் சட்டை போட்டால் அவர் கண்ணாடி போடமாட்டார். கடையில் வெள்ளை அங்கியோடு கண்ணாடி போட்டுத்தான் மருந்து கலப்பார். சட்டை மாறினால் கண்ணாடி சட்டைப் பைக்குள் போய்விடும். விறைப்பாக நிற்கிறவனுக்குக் கண்ணாடி அழகில்லை என்பது அவர் கருத்து. ஊர்வலத்தில் ஒருமுறை நீர்த்தொட்டியில் முட்டிக்கொண்டார். யாரும் சிரிக்கவில்லை.

புதன்கிழமை காலையில் பனி உருகிச் சேறாகக் கிடந்தது. போர் நினைவுத்தூணின் முன்னால் முக்காலியில் வைத்த சட்டியில் கரி புகைந்தது. பக்கத்தில் ஒரு இரும்புத் தலைக்கவசத்தை மல்லாத்தி வைத்து, அதில் மோதிரங்களைப் போடச் சொன்னார்கள். நகராட்சிச் சன்னலில் கட்டியிருந்த ஒலிபெருக்கி ரோமிலிருந்து ஏதோ சொல்லிக் கரகரத்தது. பாதிரியார் ஒரு கூடை இரும்பு மோதிரங்களைத் தீர்த்தம் தெளித்து ஆசீர்வதித்தார். என் பள்ளி மேஜையையே கொண்டுவந்து போட்டிருந்தார்கள். மேஜைமேல் மருந்துக்கடைத் தராசு, பதிவேடு, மைக்கூடு. விரல் நுனி திறந்த கம்பளிக் கையுறை போட்டிருந்தும் என் விரல்களில் உணர்ச்சியே இல்லை.

முதல் முப்பது பேர் வரைக்கும் தொல்லை இல்லை. மோதிரத்தை வாங்குவேன், பெயரைப் படிப்பேன், எடை போடுவேன், தட்டில் வைப்பேன். தட்டு நிறைந்தால் நகராட்சிக் காவலர் எடுத்துப்போய்த் தலைக்கவசத்தில் கொட்டுவார்.

பிறகு செருப்புத் தைக்கும் பெரார்தீனோ வந்தார். மோதிரம் புத்தம் புதிது. உள்ளே ஒன்றும் இல்லை.

"என்ன இருக்கு?" என்றார் செயலாளர்.

"ஒண்ணும் இல்ல" என்றேன். யோசித்துச் சொல்லவில்லை. கேட்டார், இருந்ததைச் சொன்னேன்.

"பேரு எங்கய்யா?"

"தேஞ்சுபோச்சுங்க. முப்பது வருஷமா ஊசி புடிக்கிற கை."

"வெளிய பளபளன்னு இருக்கு. உள்ள மட்டும் தேஞ்சுபோச்சா?"

பின்னாலிருந்து அவர் மனைவியின் குரல் வந்தது: "இந்த மனுசன் எம்பேரை மறந்து பதினஞ்சு வருஷமாச்சு. மோதிரம் மறந்தா என்ன தப்பு?"

வரிசை முழுக்கச் சிரித்தது. செயலாளர் சிரிக்கவில்லை. வீட்டுக்குப் போய் நிஜத்தைக் கொண்டுவரும்படி அனுப்பினார். ஒரு காவலரும் கூடப் போனார். கால் மணி நேரத்தில் பெரார்தீனோ திரும்பி வந்து, என் முகத்தைப் பார்க்காமல் இன்னொரு மோதிரத்தை வைத்தார். உள்ளே அவர் மனைவியின் பெயர் தேயாமல் இருந்தது. சத்தமாகப் படித்தேன்.

அதற்குள் வரிசையிலிருந்து பலர் கழன்றுபோனார்கள். எதற்குப் போகிறார்கள் என்று எல்லோருக்கும் தெரியும். திரும்பி வந்தவர்கள் மூச்சு வாங்கினார்கள்.

அப்படி மூச்சு வாங்கிக்கொண்டு வந்தவர்களில் எர்சீலியாவும் ஒருத்தி. ஊர்ப் பொது அடுப்பில் எல்லார் வீட்டு ரொட்டியையும் சுட்டுத் தருகிறவள். ஐம்பது வயது. எங்களுக்கு அடுத்த வீடு. லெயோனில்தேயைக் குளிப்பாட்டிக் கிடத்தியது அவள்தான். அதற்குப் பிறகு பதினான்கு மாதமாக ஒவ்வொரு சனிக்கிழமையும் என் கதவருகே ஒரு ரொட்டி வைத்துவிட்டுப் போவாள். நான் மாவும் தந்ததில்லை, கூலியும் தந்ததில்லை. கொடுக்கப் போனால் கையைத் தட்டிவிடுவாள்.

"வாத்தியார் தம்பி, விரல் வெறைச்சுப்போயிருக்கு ஒங்களுக்கு. கீழ போட்டுடாதீங்க" என்று மோதிரத்தை வைத்தாள்.

எடுத்து வெளிச்சத்தில் திருப்பினேன்.

நேவியோ, 1931.

நேவியோ நான்தான். எங்கள் மோதிரங்களைச் செய்தவர் பொற்கொல்லர் பான்ஃபிலோ. வழக்கம்போல என்னுடையதில் அவள் பெயர், அவளுடையதில் என் பெயர். தறியில் வளர்ந்த பெண் என்பதால் லெயோனில்தேக்கு என்னளவு விரல். இரண்டும் ஒரே அளவு, ஒரே கனம். "உங்கள்ல மாப்பிள்ளை யாரு?" என்று பான்ஃபிலோ அன்று கேட்டார். அவள்தான் அதிகம் சிரித்தாள்.

இரண்டாம் முறை படித்தேன். அதேதான். பெட்டிக்குள் இருக்க வேண்டிய மோதிரம் தராசுத் தட்டின்மேல் என் விரல்களுக்கிடையில் இருந்தது. பெட்டியைத் திறந்தார்களா? நான் கனவில் இருக்கிறேனா? வேறு ஒரு நேவியோ இருக்கிறானா? இப்படித்தான் ஓடியது. அறிவுள்ள யோசனை ஒன்றும் வரவில்லை.

"என்ன இருக்கு?" என்றார் செயலாளர்.

நான் எர்சீலியாவைப் பார்த்தேன். மீன் எடை போடுகிறவனைப் பார்ப்பதுபோல அவள் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் பயமில்லை.

என் பெயரைப் படித்தால் என்ன நடக்கும் என்று அப்போதுதான் புரிந்தது. அவள் பிணத்திலிருந்து திருடியவள் ஆவாள். நான் தங்கத்தை ஒளித்துவைத்துப் பொய் சொன்ன ஆசிரியர் ஆவேன். ஒருவேளை இரண்டும் சேர்ந்து நடக்கும்.

"வாத்தியாரே?"

"தொனாத்தோ" என்றேன். அவள் புருஷன் பெயர். ஒன்பது வருடம் முன்பு அர்ஜென்டினா போனவன்.

"வருஷம்?"

"தொள்ளாயிரத்துப் பத்தொம்பது."

"நல்லது. இரும்பைப் போட்டுக்குங்க."

எர்சீலியா இரும்பு மோதிரத்தை வாங்கி, ஆசீர்வதித்த பாதிரியாரின் கண்ணெதிரே கடித்துப் பார்த்தாள். "நான் சுட்ட ரொட்டியைவிடக் கெட்டி, சாமி" என்றாள். போய்விட்டாள்.

நான் எடையைப் பதிவேட்டில் எழுதினேன். தட்டில் அந்த மோதிரத்தை வைக்கவில்லை. கையுறைக்குள் என் மோதிரம் இருந்த விரலிலேயே அதையும் நுழைத்துக்கொண்டேன். ஒளிக்க வேறு இடம் தோன்றவில்லை. அப்படித்தான் வழக்கப்படி போடவேண்டிய இடத்தில், பதினான்கு மாதம் பிந்தி, இரண்டும் சேர்ந்தன. எனக்கு எதுவும் தோன்றவில்லை. குளிர்ந்தது, அவ்வளவுதான்.

மீதி வரிசை முழுவதும் ஒரே கணக்கை மனத்தில் போட்டுக்கொண்டிருந்தேன். என்னிடம் இரண்டு இருக்கிறது. கடைசியில் என் முறை வரும். என்னுடையதை, அவள் பெயர் உள்ளதைக் கொடுத்துவிட வேண்டும். அவளுடையதை, என் பெயர் உள்ளதை வைத்துக்கொள்ள வேண்டும். மாறிப்போனால் செயலாளர் என் பெயரைப் படிப்பார். என் மோதிரத்தில் என் பெயர் எப்படி வந்தது என்று கேட்பார்.

கடைசியில் என் முறை வந்தது.

"வாத்தியாரோடதை நான் படிக்கிறேன்" என்று செயலாளர் உரக்கச் சொன்னார். "படிச்சவங்களுக்கு ஒரு மரியாதை செய்யணும்ல."

கையை மேலங்கிப் பைக்குள் விட்டு, அங்கேயே கையுறையைக் கழற்றி, கட்டைவிரலால் இரண்டையும் உருவினேன். பிறகு எது எது என்று தடவிப் பார்த்தேன். என்னுடையது தேய்ந்திருக்கும், மெல்லிசாக இருக்கும் என்று நினைத்தேன். உணர்ச்சியில்லாத விரலுக்கு இரண்டும் ஒன்றுதான். முதலில் உருவியது வெளியே இருந்ததா, உள்ளே இருந்ததா? தெரியவில்லை. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒன்றை எடுத்து நீட்டினேன்.

அவர் கையை முழுவதும் நீட்டி, மோதிரத்தைத் தூரப் பிடித்துக் கண்ணைச் சுருக்கினார்.

"லெ... யோ... னில்தே" என்று படித்தார். பிறகு கூட்டத்தைப் பார்த்து இன்னும் உரக்க, "லெயோனில்தே!" என்றார்.

பெண்கள் சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். வாத்தியக்காரர்கள் ஊத ஆரம்பித்தார்கள். செயலாளர் மோதிரத்தைத் தானே கொண்டுபோய்த் தலைக்கவசத்தில் போட்டார். பாதிரியார் என் விரலில் இரும்பை மாட்டினார். பிறகு எல்லாவற்றையும் ஒரு மரப்பெட்டியில் கொட்டி, அரக்கு வைத்து முத்திரையிட்டுப் பன்னிரண்டு மணிப் பேருந்தில் மாவட்டத் தலைநகருக்கு அனுப்பினார்கள்.

நான் தப்பித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

மதியம் பொது அடுப்புக்குப் போனேன். எர்சீலியா நீண்ட துடுப்பால் சாம்பலை வாரிக்கொண்டிருந்தாள். சுவரில், எந்த ரொட்டி யாருடையது என்று மாவில் குத்தும் முத்திரைக் கட்டைகள் வீட்டுக்கு ஒன்றாகத் தொங்கின. எங்கள் வீட்டுக் கட்டையும் இருந்தது. லெயோனில்தே கடைசியாக மாவு கொண்டுவந்த நாளிலிருந்து அங்கேயே தொங்குகிறது. எர்சீலியாவுக்கு எழுத்துத் தெரியாது. ஆனால் அறுபது வீட்டு முத்திரையும் இருட்டில் தெரியும்.

"சாப்பிட்டீங்களா?" என்றாள்.

"அந்த மோதிரம் உனக்கு எப்படி வந்தது?"

"எந்த மோதிரம்?"

"காலையில குடுத்தியே."

"அதுவா." துடுப்பைச் சாத்தினாள். "உங்களுக்குத் தெரியாதா என்ன? அதைப் பாத்துட்டும் எடை போட்டீங்க. சரி, புரிஞ்சுக்கிட்டாருன்னு நெனச்சேன். உங்க சம்சாரத்தோடதுதான்."

"அது அவளோட போயிருச்சுன்னு..."

"யாரு சொன்னா?"

நான்தான் சொன்னேன். அதைச் சொல்லவில்லை.

"நீ எடுத்துக்கிட்டியா?"

கோபப்படுவாள் என்று நினைத்தேன். அவள் மாவுப் பலகையில் உட்கார்ந்தாள்.

"தம்பி, நெசமாவே ஞாபகம் இல்லையா?"

"இல்ல."

"சோப்புப் போட்டுக் கழட்டுனேன். உங்க முன்னாடி வந்து நின்னேன். கையை நீட்டுங்கன்னேன். நீட்டுனீங்க. வச்சேன். நீங்க கையை மூடல. மோதிரம் கீழ விழுந்துருச்சு. எடுத்து மறுபடி வச்சேன். மறுபடி விழுந்துச்சு. மூணாவது தடவையும் விழுந்துச்சு. கட்டிலுக்கு அடியில உருண்டு போச்சு. அதை எடுக்க நான் முட்டி போட்டுத் தவழ்ந்தேன். நீங்க நவுரக்கூட இல்ல. அப்புறம் தலைத்துணி முனையில முடிஞ்சுகிட்டேன். நாளைக்குக் கேப்பாரு, குடுப்போம்னு."

"நான் கேக்கல."

"கேக்கல. ஒரு வாரம் போச்சு. ஒரு மாசம் போச்சு. நானாக் கொண்டாந்து குடுத்தா எனக்கு எப்படி வந்ததுன்னு ஊரு கேக்கும். என்னடா இதுன்னு இருந்துச்சு. ரொட்டி கொண்டாந்து வச்சேன்."

"ரொட்டி அதுக்கா?"

"எதுக்குன்னு எனக்கென்ன தெரியும். கொண்டாந்தேன்."

அந்த நாளை நினைவில் தேடினேன். கட்டில் தெரிந்தது. சோப்பு வாசனைகூட வந்ததுபோல இருந்தது. ஆனால் அது அவள் இப்போது சொன்னதால் வந்ததா, முன்பே இருந்ததா என்று பிரிக்க முடியவில்லை. அவள் பொய் சொல்லியிருக்கலாம். ஆனால் அப்படிச் செய்கிற ஆள் நான்தான். கையை நீட்டிவிட்டு மூடாமல் இருக்கிறவன்.

"இன்னிக்கு ஏன் அதைக் குடுத்தே?"

"உங்களாலதான்."

"என்னாலயா?"

"பின்ன? கழுதைக்காரன்கிட்ட நானும் ஒண்ணு வாங்கித்தான் வச்சிருந்தேன். பெரார்தீனோ மோதிரத்தைப் பாத்து, ஒண்ணும் இல்லன்னு ஊருக்கே கேக்குற மாதிரி சொன்னீங்க. அய்யய்யோன்னு வீட்டுக்கு ஓடுனேன். என்னோடதைக் குடுக்க மனசு வரல." கழுத்து நூலை வெளியே இழுத்தாள். மாதா பதக்கத்தோடு ஒரு மோதிரம் தொங்கியது. "அந்தத் தடியன் என்னிக்காவது வந்தா, மூஞ்சியைப் பாக்கமாட்டான், மொதல்ல கையைத்தான் பாப்பான். அப்புறம் உங்களோடது ஞாபகம் வந்துச்சு. உள்ள ஏதோ கீறியிருந்துச்சு. கீறல் இருந்தாப் போதும்னு சொன்னாங்கல்ல? எழுத்துன்னா எல்லாம் எழுத்துதானே."

"அதுல எம்பேரு இருந்துச்சு."

அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். அவளுக்கு இது உண்மையிலேயே தெரியாது.

"அப்ப நீங்க தொனாத்தோன்னு படிச்சது?"

"சும்மா சொன்னேன்."

"மாதாவே. ஒம்பது வருஷமா ஒரு கடுதாசி போடாதவன் பேரு, ஊரு நடுவுல ஒலிச்சுதே, அது எப்படி மோதிரத்துல வந்துச்சுன்னு நான்..." முடிக்கவில்லை. சிரித்தாள். பிறகு சிரிப்பு நின்றது. "அப்ப உங்க சம்சாரத்து மோதிரம் போயிருச்சு. என் புத்திகெட்ட வேலையால போயிருச்சு."

"போகல" என்று பைக்குள் கைவிட்டேன். "எடுத்து வச்சிருக்கேன். என்னோடதைத்தான் குடுத்தேன்."

"அந்தக் கறுப்புச் சட்டைக்காரரையே ஏமாத்திட்டீங்களா! வாத்தியாரு!"

மோதிரத்தை அடுப்பு வாயின் வெளிச்சத்தில் பிடித்தேன். என் பெயரைக் காட்டலாம் என்று. அவளுக்குப் படிக்கத் தெரியாது என்பது நினைவில்லை.

லெயோனில்தே, 1931.

திருப்பிப் பார்த்தேன். அதேதான். இது என்னுடையது. நான்கு ஆண்டுகளுக்கு மேல் என் விரலில் இருந்தது. இன்று காலை நினைவுத்தூணுக்குப் போகும்போதும் இருந்தது.

"என்ன?" என்றாள் எர்சீலியா.

"மாறிப்போச்சு. இதுதான் என்னோடது. அவளோடது பேருந்துல போன பெட்டியில போயிருச்சு."

"அதெப்படி? அவரு அந்தப் பொண்ணு பேரைத்தானே படிச்சாரு? லெயோனில்தேன்னு ரெண்டு தடவை கத்துனாரே. நான் கேட்டேனே."

எனக்கும் அந்தக் குரல் காதில் இருந்தது. நீட்டிய கை, சுருக்கிய கண், பைக்குள் கிடந்த கண்ணாடி. அவர் கையில் இருந்தது என் பெயர். அவருக்கு ஒன்றும் தெரிந்திருக்காது. அங்கே என்ன இருக்க வேண்டுமோ அதைப் படித்தார். எர்சீலியாவுக்காக நான் படித்ததுபோலவே.

"கண்ணாடி இல்லாமப் படிச்சாரு" என்றேன்.

அவள் நெற்றியில் அடித்துக்கொண்டாள். மாவு ஒட்டியது. "ஊரு முழுக்க இப்படித்தான் இருக்கு இப்ப."

நான் பலகையில் உட்கார்ந்தேன். இவ்வளவு பொய்யும் லெயோனில்தேயின் மோதிரத்துக்காக. கடைசியில் நாட்டை ஏமாற்றிக் காப்பாற்றியது என்னுடையதை. பெரார்தீனோவைவிட எந்த விதத்தில் மேல் என்று தெரியவில்லை. அவளுடையது இந்நேரம் பேருந்தில் மலை இறங்கிக்கொண்டிருக்கும், என் பெயரோடு. போய் உருகும். துப்பாக்கி ஆகுமோ, கோதுமை ஆகுமோ. நான் வருத்தப்படுகிறேனா? அதுவும் தெரியவில்லை. அவள் தொட்டுக்கொண்டிருந்தது போய்விட்டது. அவள் பெயர் இருப்பது மிச்சம். இதில் எது இழப்பு, எது மிச்சம் என்று யாராவது சத்தமாகப் படித்துச் சொன்னால் நன்றாக இருக்கும்.

எர்சீலியா ஒரு மாவுப் பையின் தையல் நூலை உருவி, பல்லால் கடித்து நீளம் எடுத்தாள்.

"இதுல கோத்துக் கழுத்துல போட்டுக்குங்க. சட்டைக்கு உள்ள. விரல்ல இரும்பு இருக்கட்டும், கேட்டாக் காட்டலாம். குளிக்கும்போது கழட்டாதீங்க. பள்ளிக்கூடத்துல குனியும்போது பாத்துக் குனியுங்க."

"சனிக்கிழமை ரொட்டி வருமா?" என்று கேட்டேன். ஏன் அதைக் கேட்டேன் என்று தெரியவில்லை.

"இப்ப எதுக்குக் கொண்டாறணும்? மோதிரந்தான் போயிருச்சே." கொஞ்சம் யோசித்தாள். "கொண்டாறேன். மாவு நீங்க குடுங்க. உங்க முத்திரைக்கட்டை சும்மாத்தான் தொங்குது."

என் கையிலிருந்து மோதிரத்தை வாங்கி நூலில் கோத்தாள். முடிச்சுப் போட்டாள். முடிச்சை இழுத்துப் பார்த்தாள்.

"கையை நீட்டுங்க."

நீட்டினேன். வைத்தாள். வைத்துவிட்டுத் தன் கையை உடனே எடுக்கவில்லை. விழுந்தால் பிடிக்கத் தயாராகக் கீழே வைத்திருந்தாள்.

"மூடுங்க, தம்பி" என்றாள்.

என் கை ஏற்கெனவே மூடியிருந்தது. எப்போது மூடினேன் என்று எனக்குத் தெரியவில்லை.